சமோரோ நகைச்சுவைப் படங்கள்: எங்கே தேடுவது, எதற்குச் சிரிப்பது

கேள்வி இதுதான்: “சமோரோ பண்பாட்டிலும் தீவு வாழ்க்கையிலும் ஊன்றிய நகைச்சுவைப் படங்கள் உண்டா? எப்படித் தேடினாலும் ஹவாய்ப் படங்களும் போர்க்கால ஆவணப்படங்களும்தான் வருகின்றன.” பார்வைக்குப் பட்டியல் கேட்பதுபோல இருந்தாலும் இதற்குள் இரண்டு கேள்விகள் இருக்கின்றன. மேற்குப் பசிபிக்கில் அமெரிக்க ஆட்சிக்குட்பட்ட குவாமிலும் வட மரியானா தீவுகளிலும் இருக்கும் பூர்வகுடிகளான சமோரோ மக்கள் தங்களைப் பார்த்துத் தாங்களே சிரிக்கும் படங்களை எடுத்திருக்கிறார்களா என்பது ஒன்று. அப்படி ஒரு சிரிப்பு இருந்தால் அது ஏன் வெளியில் இருப்பவர் கண்ணில் படவில்லை என்பது இன்னொன்று. இரண்டாவதற்குப் பதில் தெரிந்தால்தான் முதலாவதைத் தேடவே முடியும்.

சிறிய நாடுகளின் சினிமாவைக் கல்லூரியில் பல ஆண்டுகள் பாடமாக நடத்தியவன் நான். பசிபிக் தீவுப் படங்கள் அந்தப் பாடத்தில் ஒரு பகுதி. ஆனால் குவாமில் குடியிருந்தவன் இல்லை. சமோரோ மொழியை அகராதி துணையுடன் படிப்பேனே தவிரப் பேச வராது. எனவே வரலாறு, பணம், கதையமைப்பு பற்றி நான் சொல்வதை நம்பலாம். ஒரு வசனம் அந்த ஊர்க் காதுக்கு எவ்வளவு சிரிப்பூட்டும் என்று நான் சொன்னால், அதை ஒரு வெளியாளின் கணிப்பாக மட்டும் எடுத்துக்கொள்ளுங்கள்.

சமோரோக்களே எழுதி இயக்கிய முழுநீளக் கதைப்படங்கள் விரல்விட்டு எண்ணக்கூடியவை. அவற்றிலும் பெயர் பெற்றவை நகைச்சுவை அல்ல. அந்த மக்களின் நகைச்சுவை குறும்படங்களிலும், மேடையிலும், பாட்டிலும், நாளிதழ்க் கேலிச்சித்திரத்திலும், இப்போது கைப்பேசியில் எடுக்கும் சிறு காணொலிகளிலும் இருக்கிறது. திரைப்படத் தளங்களில் ‘நகைச்சுவை’ என்ற வகையைச் சொடுக்கித் தேடினால் வெறுங்கையோடுதான் திரும்புவீர்கள்.

ஏன் இப்படி? முதலில் எண்ணிக்கை. 2020 கணக்கெடுப்பில் குவாமின் மக்கள்தொகை 1,53,836. வட மரியானாவில் 47,329. இவர்களில் சமோரோக்கள் பாதிகூட இல்லை. அமெரிக்கப் பெருநிலத்தில், முக்கியமாகக் கலிபோர்னியாவிலும் வாஷிங்டன் மாநிலத்திலும் குடியேறியவர்களைச் சேர்த்தால் தொகை கூடும். ஆனால் அவர்கள் ஒரே ஊரில் இல்லை, ஒரே தியேட்டருக்கு வர மாட்டார்கள். டிக்கெட் விற்று முதல் எடுக்க வேண்டிய படத்துக்கு இது மிகச் சிறிய சந்தை.

அடுத்தது மொழி. 1898இல் ஸ்பெயினிடமிருந்து குவாமைப் பெற்ற அமெரிக்கா, தீவை ஆளும் பொறுப்பைக் கடற்படையிடம் கொடுத்தது. 1917இல் கடற்படை ஆளுநர் ஒருவர் ஆங்கிலத்தை மட்டும் ஆட்சிமொழியாக்கி, மொழிபெயர்ப்புத் தேவைக்கு அன்றிச் சமோரோ பேசக் கூடாது என்று ஆணையிட்டார். பள்ளியில் சமோரோ பேசிய பிள்ளைகள் தண்டிக்கப்பட்டார்கள். போருக்குப் பிறகும் பல ஆண்டுகள் அந்தப் பழக்கம் தொடர்ந்தது. அடி வாங்கிய பெற்றோர், பிள்ளைகளிடம் ஆங்கிலத்திலேயே பேசத் தொடங்கினார்கள். ஆகவே இன்றைக்கு ஒரு சமோரோ இளைஞர் நகைச்சுவை எழுத உட்கார்ந்தால், பாட்டியின் மொழியில் எழுதினால் நண்பர்களுக்குப் புரியாது. ஆங்கிலத்தில் எழுதினால் பாட்டியின் குத்தல் போய்விடும். பெரும்பாலோர் நடுவழியைப் பிடிக்கிறார்கள். ஆங்கில வாக்கியம், அதில் சரியான இடத்தில் விழும் ஒரு சமோரோ சொல். குவாம் குறும்படங்களில் கேட்கும் பேச்சு ஏறக்குறைய இதுதான்.

மூன்றாவது பணம். என் பார்வையில் இதுதான் உங்கள் தேடல் ஆவணப்படங்களில் போய் முட்டுவதற்கு நேரடிக் காரணம். அமெரிக்கக் கொடியின் கீழுள்ள பசிபிக் தீவுகளின் படைப்பாளிகளுக்கு நிதி தந்த முக்கிய அமைப்புகளில் ஒன்று ஹொனலுலுவில் இயங்கும் ‘பசிபிக் ஐலண்டர்ஸ் இன் கம்யூனிகேஷன்ஸ்’. 1991இல் தொடங்கிய இது, பொதுத் தொலைக்காட்சிக்கான நிகழ்ச்சிகளை வளர்க்க ஏற்பட்டது. பொதுத் தொலைக்காட்சி விரும்புவது ஆவணப்படம். போர், காலனி ஆட்சி, நிலம், மொழி அழிவு என்ற தலைப்புகளுக்கு நிதி கிடைக்கும். மாமியார் வீட்டு விருந்தில் மாப்பிள்ளை மாட்டிக்கொண்ட கதைக்கு யார் பணம் தருவார்? ‘வார் ஃபார் குவாம்’ (2015) போன்ற நல்ல ஆவணப்படங்கள் கிடைப்பதும், அதே ஊரின் சிரிப்பு கிடைக்காததும் ஒரே காசோலையின் இரண்டு பக்கங்கள்.

சமோரோக்களை வைத்து வெளியார் எடுத்த படங்களையும் சொல்லிவிடுகிறேன். தேடும்போது அவையும் எதிர்ப்படும். 1962இல் வந்த ‘நோ மேன் இஸ் அன் ஐலண்ட்’, ஜப்பானிய ஆக்கிரமிப்பின்போது குவாமில் ஒளிந்து பிழைத்த ஜார்ஜ் ட்வீட் என்ற அமெரிக்கக் கடற்படை வீரரின் கதை. படம் பிடித்தது பிலிப்பைன்ஸில். திரையில் ‘குவாம் மக்கள்’ பேசுவது பிலிப்பைன்ஸ் மொழியான தகலாக். உயிரைப் பணயம் வைத்து அவரைக் காத்த குடும்பங்களின் பிள்ளைகள் இந்தப் படத்தைப் பார்த்து, தங்கள் தாத்தா வேற்று மொழி பேசுவதைக் கேட்டிருப்பார்கள். எடுத்தவர்கள் நினைக்காத நகைச்சுவை அது. பிறகு ‘மேக்ஸ் ஹேவக்: கர்ஸ் ஆஃப் தி டிராகன்’. 2004இல் குவாமில் படமான அடிதடிப் படம். தீவைச் சுற்றுலாப் பயணிகளிடம் கொண்டுபோய்ச் சேர்க்கும் என்ற நம்பிக்கையில் குவாம் அரசு 8,00,000 டாலர் கடனுக்கு உத்தரவாதம் கொடுத்தது. கடன் திரும்பவில்லை, விஷயம் நீதிமன்றம் போனது. படத்தை நான் யாருக்கும் பரிந்துரைக்க மாட்டேன். படம் எடுத்த கதையை யாராவது படமாக எடுத்தால் முதல் வரிசையில் உட்காருவேன்.

உள்ளிருந்து வந்த முதல் முழுநீளக் கதைப்படமாகப் பொதுவாகச் சொல்லப்படுவது ‘ஷிரோஸ் ஹெட்’ (2008). டான் முன்யா, கெல் முன்யா என்ற சகோதரர்கள் சிறு முதலீட்டில், ஊராரை நடிக்கவைத்து எடுத்தது. இது குடும்பப் பகையும் குற்றமும் கலந்த படம், சிரிப்புக்காக எடுத்ததல்ல. இருந்தாலும் ஒரு காரணத்துக்காகச் சொல்கிறேன். குவாமின் தெருக்களும் தகரக் கொட்டகைகளும் உள்ளூர்ப் பேச்சும் சுற்றுலா அட்டைப்பட மெருகு இல்லாமல் திரைக்கு வந்தது இதில்தான். அதே சகோதரர்கள் 2011இல் குவாம் சர்வதேசத் திரைப்பட விழாவைத் தொடங்கினார்கள். குறும்படங்களுக்கு இதனால் ஒரு மேடை கிடைத்தது. நீங்கள் தேடும் நகைச்சுவை பெரும்பாலும் பத்து, பதினைந்து நிமிட நீளத்தில், இந்த மாதிரி விழாக்களின் உள்ளூர்ப் பிரிவுகளில்தான் இருக்கும்.

அடுத்து, எதற்குச் சிரிப்பது என்ற பகுதிக்கு வருகிறேன். எனக்குப் பிடித்தது இதுதான், நீளமாக எழுதினால் பொறுத்துக்கொள்ளுங்கள்.

சமோரோ நகைச்சுவையின் மூலம் சினிமாவுக்கு வெகு முந்தையது. ‘கன்தன் சமோரிதா’ என்ற எசப்பாட்டு மரபு அவர்களிடம் உண்டு. வேலை செய்யும் இடத்திலோ கூட்டத்திலோ ஒருவர் ஓர் அடியை எடுத்து விட, எதிரில் இருப்பவர் அதே மெட்டில் அந்த நொடியே பதிலடி கட்ட வேண்டும். காதலும் இருக்கும், ஆனால் பாதிக்கு மேல் கேலிதான். உன் மூக்கு, உன் சோம்பல், நேற்று நீ யார் வீட்டு வாசலில் நின்றாய் என்று போகும். பெயர் சொல்லாமல் குத்த வேண்டும், குத்துப்பட்டவர் கோபித்துக்கொள்ளாமல் பதில் பாட வேண்டும். கோபித்தால் தோற்றுவிட்டார் என்று பொருள். இன்றைய குவாம் காணொலிகளில் இரண்டு ஒன்றுவிட்ட சகோதரர்கள் வாகனத்தின் பின்பக்கத்தில் உட்கார்ந்து ஒருவரையொருவர் வாரிக்கொள்வதைப் பார்த்தால், இந்தப் பாட்டின் தாளம் அதில் கேட்கும். இது நேர்வழி வாரிசா, இல்லை எல்லா ஊரிலும் இருக்கும் பங்காளிக் கேலியா என்பதை உறுதியாக நிறுவ முடியாது. நான் வாரிசு என்றே நினைக்கிறேன்.

இரண்டாவது ஊற்று ஹுவான் மாலோ கதைகள். ஸ்பானியர் ஆட்சிக் காலத்தில் நடப்பதாகச் சொல்லப்படும் நாட்டுப்புறக் கதைகள் இவை. ஹுவான் மாலோ கையில் காசில்லாத சமோரோ இளைஞன். துணைக்கு ஓர் எருமை. எதிரில் ஸ்பானிய ஆளுநர். ஒவ்வொரு கதையிலும் ஆளுநர் ஏமாறுவார், ஹுவான் தப்புவான். கத்தியும் துப்பாக்கியும் எதிராளியிடம் இருக்கும்போது நாக்கை வைத்துப் பிழைக்கும் ஆளின் கதை. இந்த ஹுவானின் பங்காளி ஒருவர் பின்னாளில் நாளிதழுக்கும் வந்தார். க்ளோடில்டே கூல்ட் என்ற கல்வியாளர் ‘ஹுவான் மாலிமாங்கா’ என்ற கேலிச்சித்திரத் தொடரைச் சமோரோ மொழியில் ‘பசிபிக் டெய்லி நியூஸ்’ நாளிதழில் கொண்டுவந்தார். அவர் பள்ளிகளில் சமோரோ மொழிப் பாடத்தை வளர்த்தவர், எசப்பாட்டிலும் வல்லவர். ஒரு தலைமுறைக்குத் தாய்மொழி பேசத் தடை போட்ட ஊரில், அந்த மொழியில் அச்சிட்டு வந்த நகைச்சுவை அது.

மூன்றாவதாக, ஜப்பானிய ஆக்கிரமிப்புக் காலத்துப் பாட்டு. 1941 டிசம்பரிலிருந்து 1944 ஜூலை வரை ஜப்பான் குவாமை ஆண்டது. தலைவணங்காதவர்க்கு அறை, கட்டாய வேலை, கடைசி மாதங்களில் முகாம்களும் படுகொலைகளும். அந்த நேரத்தில் மக்கள் மறைவாகப் பாடிய பாட்டு, ‘சாம் மாமா’வை, அதாவது அமெரிக்காவை, குவாமுக்குத் திரும்பி வரச் சொல்லி அழைக்கிறது. துள்ளலான மெட்டு, விளையாட்டுப் பிள்ளை போன்ற சொற்கள். பிடிபட்டால் தண்டனை. மாமாவும் வந்தார். வந்தவர் தீவின் பெரும்பகுதி நிலத்தை ராணுவத்துக்கு எடுத்துக்கொண்டார். இன்றும் நான்கில் ஒரு பங்குக்கு மேல் ராணுவத்தின் கையில் இருக்கிறது. அந்தப் பாட்டைக் குவாம் படத்தில் எங்காவது பின்னணியில் கேட்டால், அது நன்றியா நக்கலா என்று காட்சியை வைத்துத்தான் முடிவு செய்ய வேண்டும். இரண்டுமாக இருக்கவும் கூடும்.

இவை ஊற்றுகள். கதையை நகர்த்தும் இயந்திரம் வேறு. அதற்குப் பெயர் ‘சென்சுலி’. கல்யாணம், ஞானஸ்நானம், சாவு என்று எந்த நிகழ்வானாலும் உறவினர் பணமாகவோ பன்றியாகவோ அரிசியாகவோ உடலுழைப்பாகவோ கொண்டுவந்து கொடுப்பார்கள். யார் எவ்வளவு என்று குடும்பம் எழுதி வைத்துக்கொள்ளும். பிறகு அவர்கள் வீட்டு நிகழ்வில் திருப்பிச் செய்ய வேண்டும். மொய் நோட்டைப் பார்த்து வளர்ந்த நமக்கு இதை விளக்க வேண்டியதில்லை. நம் கிராமத்து நாடகங்களில் மொய் எத்தனை சண்டைக்குத் தொடக்கமாக இருக்கிறதோ அத்தனைக்கும் அங்கே சென்சுலி இடம் தரும். போன முறை அவர்கள் இரண்டு தட்டு கொண்டுவந்தார்கள், நாம் ஒன்றோடு போனால் அத்தை என்ன சொல்வாள்? கடன்பட்ட குடும்பத்தின் பெண்ணையே பையன் காதலித்தால் கணக்கு எப்படி நேராகும்? ஒரு படம் உண்மையிலேயே சமோரோ மண்ணில் ஊன்றியதா என்று அறிய நான் முதலில் பார்ப்பது இதைத்தான். கடமை கதையை நகர்த்துகிறதா, இல்லை கடமை வெறும் வண்ணத்துக்கு வந்துபோகிறதா?

அதோடு ஒட்டியது நாணம். ‘மமாஹ்லாவ்’ என்பார்கள். முந்திக்கொண்டு கேட்கக் கூடாது, வேண்டாம் என்று ஒருமுறையாவது சொல்ல வேண்டும், பெரியவர் முன் குரல் உயரக் கூடாது. பெரியவரைக் கண்டால் குனிந்து அவர் புறங்கையை மூக்கருகே கொண்டுபோய் முகர்ந்து மரியாதை செய்வார்கள். இருபது பெரியவர்கள் வரிசையாக உட்கார்ந்திருக்கும் விருந்துக்கு, கலிபோர்னியாவில் வளர்ந்த பையன் நேரம் தவறி வந்து சேர்கிறான் என்று வைத்துக்கொள்ளுங்கள். ஒருவர் கையை விட்டுவிட்டால் போதும், மாலைக்குள் கிராமம் முழுக்கத் தெரிந்துவிடும். வெளியூரில் வளர்ந்து திரும்பி வரும் பிள்ளை, தீவு நகைச்சுவையின் மிக எளிய கதைக்கரு. எளியது என்பதாலேயே அடிக்கடி வருகிறது. எனக்குக் கொஞ்சம் சலித்தும்விட்டது.

விருந்து மேசைக்கே ஒரு நாடக ஒழுங்கு உண்டு. அச்சோட்டே விதை போட்டுச் சிவந்த சோறு முதலில், பிறகு இறைச்சிகள், பிறகு எலுமிச்சை, தேங்காய், மிளகாயில் பிசைந்த கோழிக் கெலாகுவென். முதல் தட்டு பாதிரியாருக்கும் பெரியவர்களுக்கும். கடைசியில் விருந்தாளி கையில் பொட்டலம் கட்டித் தராமல் அனுப்புவது அவமரியாதை. இதில் ஸ்பாமும் உண்டு. போர்க்கால ராணுவ உணவாக வந்து ஊன்றிய டப்பா இறைச்சி. குவாமில் தலைக்கு ஆண்டுக்குப் பதினாறு டப்பா என்ற கணக்கு எங்கும் சுற்றுகிறது. அதை நான் ஊர்ப்பேச்சு அளவில்தான் எடுத்துக்கொள்வேன். அதிகம் சாப்பிடுகிறார்கள் என்பது உறுதி. ஸ்பாம் நகைச்சுவை மட்டும் வைத்துக்கொண்டு ‘தீவுப் படம்’ என்று சொல்லிக்கொள்ளும் காணொலியைத் தயங்காமல் தள்ளிவிடுங்கள்.

சாவு வீடும் சிரிப்புக்கு விலக்கல்ல. ஒருவர் இறந்தால் ஒன்பது இரவுகள் ஊர் கூடி ஜெபமாலை சொல்லும். தொடர்ந்து குடும்பத்தாருக்கு மட்டும் இன்னும் ஒன்பது. ஊர் கூடும் இரவுகளில் சாப்பாடும் உண்டு. இத்தனை இரவுகள் இத்தனை உறவினர்களை ஒரே கூரைக்கடியில் வைத்தால், திரைக்கதை எழுதுபவனுக்கு வேறு என்ன வேண்டும்? நிலத் தகராறு, பேசாமல் இருக்கும் அண்ணன் தம்பி, தப்பான ஜெப வரியைச் சத்தமாகச் சொல்லும் மாமா எல்லாம் தானாக வரும்.

இன்னொரு நுணுக்கம், வெளியாளுக்குத் தெரியாமல் போவது. ஸ்பானியப் பாதிரிமார் தந்த குடும்பப் பெயர்கள் சிலவே. க்ரூஸ், சாண்டோஸ், பெரெஸ் என்று ஊர் முழுக்க ஒரே பெயர்கள். அதனால் ஒவ்வொரு கிளைக்கும் ஒரு பட்டப்பெயர் உண்டு. ஏதோ ஒரு கொள்ளுத்தாத்தாவின் உடல்வாகு, தொழில், பழக்கம் ஆகியவற்றிலிருந்து வந்தது. சில பெயர்கள் சபையில் சொல்லக் கூச்சமானவை. புதிதாய்ப் பார்க்கும் பையனிடம் பாட்டி கேட்கும் முதல் கேள்வி, நீ எந்தக் குடும்பம் என்பதுதான். பதிலாக அவன் பட்டப்பெயரைச் சொல்லும் கணத்தில் அரங்கம் சிரித்தால், உங்களுக்குப் புரியாத ஒரு நூறாண்டுக் கதை அங்கே முடிந்திருக்கிறது. இந்த மாதிரி இடங்களை வசனவரி மொழிபெயர்க்க முடியாது.

ஆளும் நாட்டின் அபத்தம் மற்றொரு பெரிய சுரங்கம். இதில் கற்பனையே தேவையில்லை. 1898 ஜூன் 20 அன்று ‘சார்ல்ஸ்டன்’ என்ற அமெரிக்கப் போர்க்கப்பல் குவாமின் அப்ரா துறைமுகத்துக்குள் நுழைந்து கோட்டையை நோக்கிச் சுட்டது. பதில் இல்லை. கொஞ்ச நேரத்தில் ஸ்பானிய அதிகாரிகள் படகில் வந்தார்கள். மரியாதைக் குண்டு போட்டதற்கு நன்றி, திருப்பி மரியாதை செய்ய எங்களிடம் வெடிமருந்து இல்லை, மன்னிக்கவும் என்ற தோரணையில். இரு நாடுகளுக்கும் போர் தொடங்கி இரண்டு மாதமாகியும் செய்தி தீவுக்கு வரவில்லை. மறுநாள் சரணடைந்தார்கள். இதுவரை ஆவணங்களில் உறுதியாக இருக்கிறது. போகும்போது கப்பலின் கேப்டன் க்ளாஸ், தீவில் இருந்த ஒரே அமெரிக்கக் குடிமகனான போர்ட்டுசாக் என்ற வணிகரிடம் ஊரைப் பார்த்துக்கொள்ளச் சொல்லிவிட்டுப் போனார் என்பது பெரும்பாலும் அந்த வணிகரின் வாய்மொழி; அதை அரை நம்பிக்கையோடு வைத்துக்கொள்ளலாம். அதன்பின் ஓராண்டுக்கு மேல் தீவை யார் ஆள்கிறார் என்பதே குழப்பம். மிச்சமிருந்த ஸ்பானியப் பொருளாளர், சட்டப்படி நான்தான் ஆளுநர் என்று கிளம்பினார்.

கடற்படை ஆளுநர்களும் சளைத்தவர்கள் இல்லை. 1918 முதல் 1920 வரை ஆண்ட கில்மர் என்பவர், தலைநகரில் யாரும் சீட்டி அடிக்கக் கூடாது என்று தடை போட்டார். அண்மைக்கு வந்தால், 2010இல் ஜப்பானின் ஒகினாவாவிலிருந்து ஆயிரக்கணக்கான மரைன் வீரர்களைக் குவாமுக்கு மாற்றுவது பற்றி வாஷிங்டனில் விசாரணை நடந்தது. அதில் ஜார்ஜியா மாநிலப் பிரதிநிதி ஹேங்க் ஜான்சன், இத்தனை பேர் ஏறினால் தீவு ஒரு பக்கம் சாய்ந்து கவிழ்ந்துவிடுமோ என்று அச்சம் தெரிவித்தார். எதிரில் இருந்த கடற்படைத் தளபதி முகம் மாறாமல், அப்படி நேரும் என்று நாங்கள் எதிர்பார்க்கவில்லை என்றார். அது உவமையாகச் சொன்னது என்று பிற்பாடு விளக்கம் வந்தது. உவமையா உளறலா என்பது இன்றும் தகராறு. எப்படியானாலும் குவாம் நகைச்சுவையாளர்களுக்குப் பல ஆண்டுக்குச் சோறு போட்ட வாக்கியம். தீவு சாய்கிறது, எல்லாரும் அந்தப் பக்கம் ஓடுங்கள் என்று தொடங்கும் கேலியை எங்காவது பார்த்தால் பின்கதை இதுதான்.

பழுப்பு மரப்பாம்பு கதையும் அப்படி. இரண்டாம் உலகப் போருக்குப் பிறகு, பெரும்பாலும் ராணுவச் சரக்கோடு வந்திருக்க வேண்டும் என்று கருதப்படும் இந்தப் பாம்பு, குவாமின் காட்டுப் பறவைகளில் பெரும்பகுதியை அழித்துவிட்டது. மின்கம்பியில் ஏறி மின்சாரத்தையும் அறுக்கும். 2013இல் பாரசிட்டமால் வைத்த இரண்டாயிரம் செத்த எலிகளை, மரக்கிளையில் சிக்கும்படி காகித நாடா கட்டி ஹெலிகாப்டரிலிருந்து போட்டார்கள். பாம்புக்கு அந்த மாத்திரை விஷம். திரைக்கதையில் எழுதினால் தயாரிப்பாளர் நம்ப மாட்டார். தேர்தலும் உண்டு. குவாம்வாசிகள் அமெரிக்கக் குடிமக்கள், ஆனால் அதிபர் தேர்தலில் ஓட்டு இல்லை. இருந்தும் 1980 முதல் தேர்தல் நாளன்று ஒரு மாதிரி வாக்கெடுப்பு நடத்துகிறார்கள். நேர வித்தியாசத்தால் பெருநிலத்தில் வாக்குப்பதிவு முடியும் முன்பே இங்கே முடிவு வந்துவிடும். கணக்கில் சேராது.

காட்டு ஆவிகளைப் பற்றி ஓர் எச்சரிக்கை. ‘தாவ்தாவ்மோனா’ எனப்படுபவர்கள் மூதாதையர். காட்டுக்குள் போகும்முன், குறிப்பாகச் சிறுநீர் கழிக்கும்முன், அவர்களிடம் அனுமதி கேட்க வேண்டும். கேட்காதவன் உடம்பில் கன்றிய தழும்பு வரும், வீக்கம் வரும் என்பார்கள். பேயும் சிரிப்பும் கலந்த கதைக்கு இது அல்வா மாதிரி இருப்பதால் பலரும் கைவைக்கிறார்கள். உள்ளூர்க்காரர் எடுத்தால் கேலி அனுமதி கேட்காத ஆள் மீது இருக்கும். வெளியாள் எடுத்தால் நம்புகிறவன் மீது இருக்கும். படம் யாருடையது என்று இந்த ஒரு காட்சியில் கண்டுபிடித்துவிடலாம்.

ஹவாய்ப் படங்களை இதற்கு மாற்றாக எடுத்துக்கொள்ளலாமா என்றால், வேண்டாம். மொழி, வரலாறு, ஆண்ட நாடுகள் எல்லாம் வேறு. அதிலும் ஹாலிவுட் அங்கே எடுத்த நகைச்சுவைகளில் தீவுக்காரர் நாயகனின் நண்பராக வந்து போவதே வழக்கம். மனநிலையில் நெருங்கியவை தேவை என்றால் நியூசிலாந்துப் பக்கம் போங்கள். டைக்கா வைட்டிட்டியின் ‘பாய்’ (2010) மாவோரிச் சிறுவனின் கதை; அப்பாவைப் பற்றிய பெருமையும் ஏமாற்றமும் ஒரே காட்சியில் சிரிப்பாக வரும். ‘த்ரீ வைஸ் கஸின்ஸ்’ (2016) இன்னும் கிட்டத்தில். நியூசிலாந்தில் வளர்ந்த சமோவா இளைஞன், ‘உண்மையான தீவு ஆண்’ ஆகப் பயிற்சி எடுக்க சமோவாவிலுள்ள உறவினரிடம் போகிறான். பெரிய நிறுவனம் எதுவும் இல்லாமல் சொந்தக் காசில் எடுத்து, வெளியூர்ச் சமோவா மக்களை நம்பித் திரையிட்டு வென்ற படம். சமோவா வேறு, சமோரோ வேறு. பெயர் ஒலியைக் கேட்டு இரண்டையும் குழப்பிக்கொள்ள வேண்டாம். ஆனால் சிதறிக் கிடக்கும் சிறிய மக்கள்தொகைக்கு நகைச்சுவைப் படம் எடுத்து முதலைத் திருப்ப முடியும் என்பதற்கு இதைவிட நேரடியான சான்று கிடையாது. குவாமிலிருந்து இப்படி ஒன்று வந்தால் அது இந்த வழியில் வரும் என்பது என் ஊகம்.

தேடும் முறைக்கு வருவோம். ‘குவாம்’ என்று மட்டும் தேடாதீர்கள். சுற்றுலா விளம்பரம் குவியும். குவாம் சர்வதேசத் திரைப்பட விழாவின் பழைய ஆண்டு நிகழ்ச்சி நிரல்களை எடுத்து, அதில் உள்ளூர்க் குறும்படங்களின் பெயர்களைத் தனித்தனியாகத் தேடுங்கள். வட மரியானாவிலுள்ள சைபான், டினியன், ரோத்தா என்ற தீவுகளின் பெயர்களையும் போட்டுப் பாருங்கள். அங்கும் சமோரோக்கள் உண்டு, ஆனால் பேச்சின் ஏற்ற இறக்கம் வேறு, குவாம்காரரைப் பற்றி அவர்களிடம் தனிக் கேலி உண்டு. அதன் அடியில் போர்க்கால வடுவும் இருக்கிறது. சைபானிலிருந்து ஜப்பானியர் கூட்டிவந்த மொழிபெயர்ப்பாளர்களைக் குவாம் எளிதில் மறக்கவில்லை. 1969இல் இரு பகுதிகளையும் இணைக்கலாமா என்று கேட்டபோது குவாம் வாக்காளர்கள் வேண்டாம் என்றார்கள். குவாம், சைபான் நகைச்சுவையில் ஒரு வரி சட்டென்று கசந்தால் காரணம் அங்கே இருக்கலாம்.

‘குவாம்பீடியா’ என்ற இணையக் கலைக்களஞ்சியத்தில் ஹுவான் மாலோ, எசப்பாட்டு, சென்சுலி மூன்றுக்கும் கட்டுரைகள் உள்ளன. படங்களுக்கு முன் அவற்றைப் படித்தால் பாதி நகைச்சுவை தானாகத் திறக்கும். முழுக்கச் சமோரோ மொழியில் ஒரு படத்தைக் கேட்க வேண்டும் என்றால் ‘மைசா’ (2015) என்ற அசைபடம் இருக்கிறது. தீவைத் தின்னும் ராட்சத மீனைப் பெண்கள் தங்கள் கூந்தலால் வலை பின்னிப் பிடித்த பழங்கதை அது. நகைச்சுவைப் படம் என்று சொல்ல முடியாது, குழந்தைகளுக்கானது. ஆனால் அந்த மொழி சாதாரணமாகப் பேசும்போது எப்படி ஏறி இறங்குகிறது என்று காதுக்குப் பழகிவிடும். அதற்குப் பிறகு குறும்படங்களில் ஆங்கிலத்துக்கு நடுவே அது எட்டிப்பார்க்கும் இடங்களில், எங்கே சிரிக்கிறார்கள் என்பதாவது பிடிபடும்.